வாடகைக்கு விட்ட கடற்கரை

கொள்ளிடம் கடலில் கலக்கிற இடத்தில் தேவிக்கோட்டை. அங்கிருந்து தெற்கே இறங்கினால் பூம்புகார், தரங்கம்பாடி, காரைக்கால், நாகூர், நாகப்பட்டினம். மொத்தமும் நூறு கிலோமீட்டருக்குள் அடங்கும், அரை நாளில் பஸ்ஸில் போய்விடலாம். இவ்வளவு சின்னக் கரையில் போர்த்துகீசியர், டேனிஷ்காரர், டச்சுக்காரர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர் என்று ஐந்து கொடிகள் பறந்திருக்கின்றன. உள்ளே ஒரு நாள் தூரத்தில் தஞ்சாவூர் அரண்மனையில் முதலில் நாயக்கர்களும் பிறகு மராத்தியர்களும் கிட்டத்தட்ட முழு அதிகாரத்தோடு ராஜ்யம் நடத்திக்கொண்டுதான் இருந்தார்கள்.

பள்ளிக்கூடத்தில் நாம் படித்த கதை வேறு மாதிரி. வெள்ளைக்காரன் கப்பலில் வந்தான், வியாபாரம் செய்தான், கோட்டை கட்டினான், நாட்டைப் பிடித்தான். நான்கு வரியில் முடிந்துவிடும். நம் ராஜாக்கள் அதில் வாசனைத் திரவியத்துக்கும் கண்ணாடிக்கும் மயங்கி ஏமாந்துபோன ஆட்களாக வருவார்கள். டெல்டாக்காரனான எனக்கு இந்தக் கதை ஒருநாளும் ஒட்டியதில்லை. தஞ்சாவூர்க்காரர்கள் கடற்கரையைக் கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கவில்லை. கணக்குப் பார்த்து, எழுத்தில் எழுதி, வாடகை பேசிக் கொடுத்தார்கள். ஒவ்வொரு முறையும் அதற்கு உள்ளூரில் ஒரு காரணம் இருந்தது. ராஜ்யம் கைவிட்டுப் போனதும் கடற்கரையில் நடந்த சண்டையில் இல்லை, கடன் பத்திரத்தில்.

இந்தக் கரையில் வெளியூர்க்காரனுக்கு இடம் கொடுப்பது 17ஆம் நூற்றாண்டில் தொடங்கிய பழக்கமும் இல்லை. ராஜராஜ சோழன் காலத்தில் ஸ்ரீவிஜய மன்னன் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளியை எழுப்பினான். அதன் செலவுக்கு ராஜராஜன் ஆனைமங்கலம் என்ற ஊரை எழுதிக் கொடுத்தான். ராஜேந்திரன் காலத்தில் அதைச் செப்பேட்டில் வெட்டினார்கள். 21 ஏடுகள் கொண்ட அந்தச் செப்பேடு டச்சுக்காரர்கள் கைக்குப் போய், ஹாலந்தின் லெய்டன் நகரம் போய்ச் சேர்ந்து, அந்த ஊர்ப் பெயராலேயே அழைக்கப்பட்டது. நாகப்பட்டினத்தில் சீனக் கோபுரம் என்று சொல்லப்பட்ட செங்கல் கட்டடம் ஒன்று 19ஆம் நூற்றாண்டு வரைக்கும் நின்றது. பழைய விகாரங்களில் மிச்சம் நின்றது அது ஒன்றுதான். 1867ல் யேசு சபைப் பாதிரிமார்கள் அரசு அனுமதி வாங்கி அதை இடித்தார்கள். சோழர் போய், பாண்டியர் போய், விஜயநகரம் போய், நாயக்கர், மராத்தியர், ஐந்து ஐரோப்பியக் கொடிகள் எல்லாவற்றையும் தாண்டி நின்றதைச் சாதாரண கட்டட வேலைக்காக இடித்திருக்கிறார்கள். எனக்கு அதில் இன்னும் ஆறவில்லை. சரி, அது தனிக்கதை.

தஞ்சாவூர் நாயக்கர்களில் ரகுநாத நாயக்கர் 1600 வாக்கில் பட்டத்துக்கு வந்தவர். வீணையிலும் தெலுங்குக் கவிதையிலும் ஈடுபாடு உள்ளவர், அதே நேரம் போர்க்களத்தில் கெட்டிக்காரர். அவருக்கு அப்போதிருந்த பெரிய தலைவலி போர்த்துகீசியர். நாகப்பட்டினத்தில் குடியிருப்பு போட்டு உட்கார்ந்திருந்தார்கள், கடலில் யார் போவது யார் வருவது என்பதை முடிவு செய்தார்கள். அவர்கள் சீட்டு இல்லாமல் கப்பல் விட்டால் பறிமுதல். 1619ல் யாழ்ப்பாண ராஜ்யத்தையும் பிடித்துவிட்டார்கள். கடைசி அரசன் சங்கிலியைக் கோவாவுக்குக் கொண்டுபோய்க் கொன்றார்கள். யாழ்ப்பாணத்தில் அவர்களுக்கு எதிராகக் கிளம்பியவர்களுக்கு ரகுநாதர் படை அனுப்பினார். வருணகுலத்தான் என்ற தளபதியின் தலைமையில் தஞ்சாவூர் வீரர்கள் கடல் தாண்டிப் போனார்கள். அந்த முயற்சி பலிக்கவில்லை.

டேனிஷ்காரர்கள் வந்தது சரியாக இந்த நேரத்தில்.

அவர்கள் தஞ்சாவூரைத் தேடி வந்தவர்களே இல்லை. கண்டி அரசன் போர்த்துகீசியருக்கு எதிராக உதவி கேட்கிறான் என்று போஷோவர் என்ற டச்சுக்காரர் ஒருவர் டென்மார்க்குக்குப் போய் மன்னர் நான்காம் கிறிஸ்டியனிடம் பேசி, ஒப்பந்தமும் போட்டுவிட்டார். 1618 கடைசியில் கப்பல்கள் கிளம்பின. தலைமை ஓவே கெடே, 24 வயதுகூட நிரம்பாத பிரபு குடும்பத்துப் பையன். வழியிலேயே நோயில் பாதிக்கு மேல் ஆட்கள் செத்தார்கள், போஷோவரும் செத்தார். ஒன்றரை வருடம் கழித்து இலங்கையில் இறங்கினால், இப்படி ஒரு ஒப்பந்தம் போடச் சொல்லி நான் யாரையும் அனுப்பவில்லை என்று கண்டி அரசன் கைவிரித்துவிட்டான்.

முன்னாலேயே கிளம்பிப் போன இன்னொரு கப்பலின் கதி இதைவிட மோசம். ரோலண்ட் கிராப்பே என்பவர் அதில் இருந்தார். காரைக்காலுக்குப் பக்கத்தில் போர்த்துகீசியர் அந்தக் கப்பலை நொறுக்கினார்கள், பிடிபட்டவர்களில் இரண்டு பேர் தலையை வெட்டிக் கடற்கரையில் குத்தி வைத்தார்கள். கிராப்பேயும் இன்னும் பத்துப் பன்னிரண்டு பேரும் தப்பி ரகுநாதர் அரண்மனைக்கு வந்து சேர்ந்தார்கள்.

ரகுநாதர் இடத்தில் நம்மை வைத்துப் பார்ப்போம். எதிரியால் அடிபட்டு நம் வாசலுக்கு வந்து நிற்கிறான் ஒருவன். அவனிடம் கப்பல் இருக்கிறது, பீரங்கி இருக்கிறது, அவன் நாடு எங்கேயோ இருக்கிறது, நமக்கு எந்தத் தொந்தரவும் இல்லை. இவனுக்கு ஒரு மீனவ ஊரைக் கொடுத்தால் போர்த்துகீசியனுக்கு ஒரு போட்டி, நமக்கு வாடகை, துணிக்கும் மிளகுக்கும் இன்னொரு வாங்குகிற ஆள். 1620 நவம்பர் 19ஆம் தேதி ஒப்பந்தம் ஆனது. தரங்கம்பாடியில் கோட்டை கட்டிக்கொள்ளலாம், அவர்கள் மதப்படி வழிபடலாம், வியாபாரம் செய்யலாம். வாடகை ஆண்டுக்கு 3,111 ரூபாய் என்பது புழக்கத்தில் இருக்கும் கணக்கு. டென்மார்க் மன்னருக்கு ரகுநாதர் அனுப்பிய கடிதம் பனையோலை வடிவில் அடித்த தங்கத் தகட்டில் எழுதப்பட்டது. எழுத்து தமிழ், கையெழுத்து தெலுங்கு. கோபன்ஹேகன் ஆவணக் காப்பகத்தில் இன்றும் இருக்கிறது. ஏமாந்தவன் எழுதுகிற கடிதமாக அது எனக்குத் தெரியவில்லை. சமமான இன்னொரு ராஜாவுக்கு எழுதுகிற தோரணை அது.

தரங்கம்பாடி அப்போது வெறும் மணல்மேடு என்று நினைக்க வேண்டாம். கடலோரத்தில் இருக்கும் மாசிலாமணிநாதர் கோயில் 1306ல் மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தில் எழுந்தது. கல்வெட்டில் ஊர்ப் பெயர் சடங்கன்பாடி. கடல் அந்தக் கோயிலில் பெரும்பகுதியைத் தின்றுவிட்டது. கோட்டையைப் பார்க்க வருகிறவர்கள் பாதிப் பேர் அதைக் கண்டுகொள்ளாமல் போகிறார்கள்.

இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி அடுத்து வருகிறது. டேனிஷ் கம்பெனி சீக்கிரமே நொடித்துப்போனது. ஐரோப்பாவில் அவர்கள் மன்னருக்குப் போர்கள், இங்கே கையில் காசு இல்லை. 1648ல் கோட்டைத் தலைவரை அவருடைய ஆட்களே கலகம் செய்து விரட்டினார்கள். 1640களின் தொடக்கத்திலிருந்து 1669 வரைக்கும் டென்மார்க்கிலிருந்து ஒரு கப்பல்கூட வரவில்லை. 1650ல் கம்பெனியையே கலைத்துவிட்டார்கள், அந்தச் செய்தியாவது இங்கே ஒழுங்காக வந்ததா என்பதே சந்தேகம். இருந்தவர்கள் ஒவ்வொருவராகச் செத்தார்கள். 1655 வாக்கில் கோட்டையில் மிச்சம் இருந்த டேனிஷ்காரர் ஒரே ஒருவர்: எஸ்கில் கோங்ஸ்பாக்கே. அதிகாரி இல்லை, சாதாரண சிப்பாய்.

அந்த மனிதர் கோட்டையை விட்டுக் கொடுக்கவில்லை. உள்ளூர் ஆட்களைச் சேர்த்துக்கொண்டார். வங்காள விரிகுடாவில் போகிற வருகிற கப்பல்களை மறித்துப் பிடித்து அந்தப் பணத்தில் கோட்டையை நடத்தினார். நாயக்கர் பக்கத்திலிருந்து நெருக்கடி வந்தபோது ஊரைச் சுற்றி மதில் எழுப்பினார். 1669ல் ஒருவழியாக ஒரு டேனிஷ் கப்பல் வந்து நின்றபோது கொடி இன்னும் பறந்துகொண்டிருந்தது. வந்தவர்கள் அவரையே தலைவராக உறுதி செய்தார்கள். கடற்கொள்ளையில் பிழைத்த அந்த ஆளை வீரர் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் காலனியாதிக்கம் என்றால் பெரிய திட்டம், பெரிய படை என்று நினைக்கிறவர்களிடம் இவரைப் பற்றிச் சொல்வேன். தஞ்சாவூர் அரசு மனது வைத்திருந்தால் அந்த ஒற்றை ஆளை வெளியேற்றியிருக்க முடியாதா? முடிந்திருக்கும். அதற்கான பெரிய முயற்சி நடக்கவில்லை, ஏனென்றால் அரண்மனையின் கவலை வேறு திசையில் இருந்தது. செஞ்சியிலிருந்தும் மதுரையிலிருந்தும் பீஜப்பூரிலிருந்தும் வருகிற படைகள்தான் ராஜ்யத்தை அழிக்கக்கூடியவை. கடலோரத்துக் குடித்தனக்காரன் யாருக்கும் பயமாகத் தெரியவில்லை.

அந்தப் படைகள் வந்தன. 1650களின் கடைசியில் பீஜப்பூர்ப் படைகள் தஞ்சாவூர்ச் சீமையைச் சூறையாடின, பின்னாலேயே பஞ்சம். டச்சுக் கம்பெனி 1658ல்தான் போர்த்துகீசியரிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்திருந்தது. பஞ்சத்தில் பிள்ளைகளையும் தங்களையும் விற்க ஜனங்கள் கடற்கரைக்கு வந்தார்கள். 1659க்கும் 1661க்கும் நடுவில் நாகப்பட்டினம், பழவேற்காடு முதலிய துறைகளில் டச்சுக் கம்பெனி வாங்கிய அடிமைகள் 8,000 முதல் 10,000 பேர் என்று வரலாற்றாசிரியர்கள் கணக்கிடுகிறார்கள். பெரும்பாலானவர்களை இலங்கைக்குக் கொண்டுபோனார்கள், கொஞ்சம் பேரை பட்டேவியாவுக்கும் (இன்றைய ஜகார்த்தா) மலாக்காவுக்கும். டெல்டாவின் சரித்திரம் என்று கல்லணை, பெரிய கோயில், வீணை, ஓவியம் எல்லாம் பேசுகிறோம். நெல் விளைகிற சீமையிலிருந்து இத்தனை ஆயிரம் பேர் விலைக்குப் போனதை எந்தக் கோயில் விழாவிலும் யாரும் பேசிக் கேட்டதில்லை. அந்தச் சமயத்தில் தஞ்சாவூரில் விஜயராகவ நாயக்கர் ஆட்சி. தானத்துக்கும் அன்னதானத்துக்கும் பேர்போனவர் என்று புகழப்படுகிறவர். டச்சுக்காரனுக்கு நாகப்பட்டினத்தை உறுதிசெய்து கொடுத்ததும் அவர்தான். வாடகைக்கு விடுவதில் அரசர்கள் சாமர்த்தியசாலிகள் என்று நான் சொல்கிறேன், ஆனால் அந்தச் சாமர்த்தியத்தின் விலையைக் கொடுத்தது யார் என்பதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

விஜயராகவர் 1673ல் மதுரை சொக்கநாத நாயக்கரோடு நடந்த போரில் செத்தார். அடுத்த ஓரிரண்டு வருடக் குழப்பத்தில் பீஜப்பூர்த் தளபதியாக வந்த ஏகோஜி, சிவாஜியின் மாற்றாந்தாய் மகன், தஞ்சாவூரைத் தனக்கே வைத்துக்கொண்டார். டச்சுக்காரர்களும் டேனிஷ்காரர்களும் புது வீட்டுக்காரரிடம் பழைய பத்திரங்களைப் புதுப்பித்துக்கொண்டார்கள். நாகப்பட்டினம் வளர்ந்தது, 1690ல் டச்சுக்காரர்கள் சோழமண்டலக் கரையின் தலைமையிடத்தைப் பழவேற்காட்டிலிருந்து அங்கே மாற்றினார்கள்.

குடித்தனக்காரர்கள் கைமீறிப் போய்விட்டார்கள் என்பது எப்போது வெளிப்பட்டது என்று கேட்டால் நான் 1699ஐச் சொல்வேன். ஏகோஜியின் மகன் சாகுஜியின் படை தரங்கம்பாடியை முற்றுகையிட்டது. விட்டிருந்தால் விழுந்திருக்கும். சென்னை ஆங்கிலேயக் கம்பெனி கவர்னர் தாமஸ் பிட் டேனிஷ்காரர்களுக்கு ஆள் அனுப்பி உதவினார், முற்றுகை கலைந்தது. வியாபாரத்தில் ஒருவரை ஒருவர் கழுத்தைப் பிடிப்பவர்கள், வீட்டுக்காரன் காலி செய்யச் சொன்னதும் ஒன்றாகிவிட்டார்கள். ஒருவனை வைத்து இன்னொருவனை மட்டுப்படுத்தலாம் என்ற ரகுநாதரின் கணக்கு இங்கே உடைந்தது. அரண்மனையில் யாராவது அதை அப்படிப் புரிந்துகொண்டார்களா என்றால், அடுத்த நூறு வருடத்தைப் பார்க்கும்போது இல்லை என்றுதான் படுகிறது.

தரங்கம்பாடி என்றால் எல்லோருக்கும் முதலில் நினைவுக்கு வருவது சீகன்பால்கு பாதிரியார்தான். 1706 ஜூலை 9ஆம் தேதி வந்து இறங்கினார். தமிழில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டது, பொறையாறு பக்கம் காகிதப் பட்டறை வைத்தது எல்லாம் நிறையப் பேர் எழுதியாகிவிட்டது. நான் சொல்ல நினைப்பது ஒரே ஒரு விஷயம். அவர் டென்மார்க் மன்னர் அனுப்பிய ஆள். அவரைப் பிடித்து நான்கு மாதம் சிறையில் போட்டது தஞ்சாவூர் ராஜா இல்லை, தரங்கம்பாடி டேனிஷ் கவர்னர். கம்பெனிக்கு வியாபாரம் கெடக்கூடாது, பாதிரியார் ஊரைக் கலக்குகிறார் என்ற கோபம். வெள்ளைக்காரன் என்று ஒரே ஆள் இருந்ததாக நாம் நினைக்கிறோம். மன்னர், கம்பெனி, சபை மூன்றும் மூன்று பக்கம் இழுத்துக்கொண்டிருந்தன.

இனி காரைக்கால். தரங்கம்பாடியிலிருந்து தெற்கே போகிறவர்களுக்கு நண்டலாறு தாண்டியதும் தெரியும்: பெட்ரோல் விலை மாறும், மதுக்கடை பெருகும், திரும்பி வரும்போது செக்போஸ்ட்டில் பையைத் திறக்கச் சொல்வார்கள். தமிழ்நாட்டுக்குள் புதுச்சேரியின் துண்டு இப்படி நடுவில் கிடப்பதற்குக் காரணம் 1738ல் தஞ்சாவூரில் நடந்த பங்காளிச் சண்டை. இன்னொரு சாகுஜி பட்டத்துக்கு வந்தார், பட்டத்தைக் காப்பாற்றக் காசு வேண்டும். புதுச்சேரி கவர்னர் துய்மாவிடம் காரைக்காலைத் தருகிறேன் என்று பேசினார். உள்ளூர் நெருக்கடி தீர்ந்ததும் தர மாட்டேன் என்றார். அப்போது திருச்சியில் இருந்த, ஆற்காடு நவாப் குடும்பத்து மருமகன் சந்தா சாகிப்புக்குத் தஞ்சாவூர் மேல் ஏற்கெனவே கண். 1739 பிப்ரவரியில் அவர் படை காரைக்காலைப் பிடித்து பிரெஞ்சுக்காரர் கையில் கொடுத்தது. அதே வருடம் சாகுஜி போய் பிரதாபசிம்மன் அரசரானார்.

பதவி போன சாகுஜி சும்மா இருக்கவில்லை. கடலூர் பக்கம் இருந்த ஆங்கிலேயர்களிடம் போய், எனக்கு அரசு கிடைத்தால் உங்களுக்குத் தேவிக்கோட்டை என்றார். 1749ல் முதல் படையெடுப்பு தோற்றது. இரண்டாவது முறை மேஜர் லாரன்ஸ் தலைமையில் கோட்டையைப் பிடித்தார்கள், அதில் முன்னால் ஏறியவர்களில் ஒருவர் லெஃப்டினன்ட் ராபர்ட் கிளைவ். பிடித்தபின் என்ன செய்தார்கள்? பிரதாபசிம்மனோடு சமாதானம். தேவிக்கோட்டையும் ஆண்டுக்கு 9,000 பகோடா (அன்றைய தங்க நாணயம்) வருமானமுள்ள நிலமும் கம்பெனிக்கு. சாகுஜிக்கு ஆண்டுக்கு 4,000 ரூபாய், இனி வாலாட்டக் கூடாது என்ற நிபந்தனையோடு. யாருக்காகச் சண்டைக்குப் போனார்களோ அவரைக் கழற்றிவிட்டு, யாரோடு சண்டை போட்டார்களோ அவரிடம் ஊரை வாங்கிக்கொண்டார்கள். இன்று தேவிக்கோட்டையில் கோட்டை என்று காட்டப் பெரிதாக ஒன்றும் இல்லை. ஆற்காடும் பிளாசியும் வருவதற்கு முன்னால் கிளைவ் பாடம் படித்த இடம் அது.

பத்திரம் என்றேனே, அது இங்கிருந்துதான் கனக்கத் தொடங்குகிறது. 1749 கடைசியில் சந்தா சாகிப்பும் பிரெஞ்சுக்காரர்களும் தஞ்சாவூரை முற்றுகையிட்டபோது பிரதாபசிம்மன் பெரிய தொகை தருவதாக எழுதிக் கொடுத்து நேரத்தை ஓட்டினார். அதில் மீதியாக 56 லட்சம் ரூபாய்ப் பத்திரம் பிரெஞ்சுக்காரர் கையில் தங்கிவிட்டது. சந்தா சாகிப் செத்து ஆறு வருடம் கழித்து, 1758ல், பிரெஞ்சுத் தளபதி லாலி அந்தக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு காரைக்கால் வழியாகப் படையோடு வந்தார். கையில் அரிசி இல்லை, மாடு இல்லை, மருந்து இல்லை. வழியில் நாகூரைக் கொள்ளையடித்தார். கீழ்வேளூர்க் கோயிலில் புதையல் இருக்கும் என்று குளத்தையும் பிரகாரத்தையும் தோண்டினார், ஒன்றும் கிடைக்கவில்லை. உளவாளிகள் என்று சொல்லி அங்கே ஆறு பிராமணர்களைப் பீரங்கி வாயில் கட்டிச் சுட்டார். தஞ்சாவூர் மதிலை உடைக்க அவரிடம் போதுமான வெடிமருந்து இல்லை. ஆகஸ்டில் முற்றுகையை விட்டுத் திரும்பினார். பிரதாபசிம்மன் ஜெயித்தார். நாகூர் தர்காவின் 131 அடி மினார் அந்த அரசர் கட்டியது. இந்தக் கரையில் ஐரோப்பியர் விட்டுப்போன எதையும்விட உயரமாக நிற்கிறது என்பதில் எனக்கு ஒரு சின்ன சந்தோஷம் உண்டு.

ஆனால் ஜெயித்தவருக்கும் பில் வந்தது. ஆற்காடு நவாப் முகமது அலி, தஞ்சாவூர் எனக்குப் பேஷ்குஷ், அதாவது கப்பம், கட்ட வேண்டிய நாடு என்று சொல்லிக்கொண்டிருந்தார். அவரை நவாப்பாக வைத்திருந்த கம்பெனி 1762ல் பஞ்சாயத்து பேசியது. பாக்கி 22 லட்சம் தவணையாக, இனி ஆண்டுக்கு 4 லட்சம். நியாயமான தீர்ப்பு போலத் தெரியும். உண்மையில் தஞ்சாவூர் யாருக்குக் கட்டுப்பட்டது என்பதைச் சென்னையில் உட்கார்ந்து கம்பெனி கவர்னர் முடிவு செய்துவிட்டார். கவர்னர் பெயர் ஜார்ஜ் பிகாட். இந்தப் பெயர் திரும்ப வரும்.

முகமது அலி கடனில் மூழ்கியவர். கடன் கொடுத்தவர்கள் யார்? கம்பெனியின் சொந்த ஊழியர்கள். கம்பெனி கொடுக்கும் சம்பளத்தில் இருந்துகொண்டு, அந்தக் கம்பெனியின் கூட்டாளிக்குக் கொள்ளை வட்டிக்குக் கடன் கொடுத்தார்கள். நவாப் கடனை அடைக்க ஒரே வழி புதிய நிலம். பக்கத்தில் தென்னிந்தியாவிலேயே செழிப்பான நெல் சீமை. 1771ல் பிரதாபசிம்மன் மகன் துளஜாஜி ராமநாதபுரத்தின் மேல் படையெடுத்ததும் காரணம் கிடைத்துவிட்டது. முதல் முறை பணம் கொடுத்துத் தப்பினார். 1773 செப்டம்பரில் கம்பெனிப் படை கோட்டைக்குள் புகுந்தது, ராஜாவைக் குடும்பத்தோடு அரண்மனைக்குள் அடைத்தார்கள், நாடு நவாப்புக்குப் போனது. நவாப் அந்த விளைச்சலை அப்படியே கடன்காரர்களுக்கு எழுதி வைத்தார்.

லண்டனில் கம்பெனி டைரக்டர்களுக்கு இது பிடிக்கவில்லை. ராஜாவை மறுபடி உட்கார வை என்று அதே பிகாட்டை, இப்போது பிரபு பட்டத்தோடு, கவர்னராக அனுப்பினார்கள். 1776 ஏப்ரலில் அவர் நேரே தஞ்சாவூர் வந்து துளஜாஜியை அரியணையில் அமர்த்தினார். உடனே பால் பென்ஃபீல்ட் என்ற கம்பெனி ஊழியர் ஒரு கணக்கோடு வந்து நின்றார். நவாப் தஞ்சாவூர் வருமானத்தில் எனக்கு எழுதிக் கொடுத்தது 1,62,000 பவுண்டு, அங்குள்ள குடிகளுக்கு நான் பயிர்க்கடனாகக் கொடுத்தது 72,000 பவுண்டு, எடு. வயலில் நிற்கும் நெல் அவருடையதாம். சின்ன உத்தியோகத்தில் இருந்தவருக்கு இவ்வளவு பணம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், பின்னால் இன்னும் பல பேர் பணம் இருந்தது என்பதுதான் பதில். கவர்னரோடு சேர்ந்து சென்னையில் நிர்வாகம் நடத்திய கவுன்சிலின் உறுப்பினர்களுக்கும் நவாப்பிடமிருந்து கடன் பாக்கி வர வேண்டியிருந்தது. கணக்கை ஏற்க பிகாட் மறுத்தார். ஆகஸ்ட் 24ஆம் தேதி கவுன்சிலின் பெரும்பான்மை அவரையே கைது செய்தது. அடுத்த வருடம் மே மாதம் காவலிலேயே செத்தார். கைது செய்தவர்களில் நான்கு பேர் லண்டனில் வழக்குக்கு நின்றார்கள், ஆளுக்கு ஆயிரம் பவுண்டு அபராதம். அவ்வளவுதான்.

காவிரி நெல்லுக்காக ஆங்கிலேய கவர்னர் ஒருவரை ஆங்கிலேயரே பிடித்துப் போட்ட சம்பவம் நம் பாடப் புத்தகத்தில் இல்லை என்பது எனக்கு ஆச்சரியம். பிறகு எட்மண்ட் பர்க் 1785ல் நவாப்பின் கடன்களைப் பற்றிப் பாராளுமன்றத்தில் மணிக்கணக்கில் பேசினார். அவருடைய உறவினர் வில்லியம் பர்க் லண்டனில் தஞ்சாவூர் ராஜாவின் ஏஜெண்ட் என்பதையும் பக்கத்தில் குறித்துக்கொள்ளலாம். தஞ்சாவூர்க்காரர்களும் லண்டனில் ஆள் வைத்துப் பார்க்கிற அளவுக்கு உலகம் புரிந்தவர்கள்தான்.

அரியணை திரும்பக் கிடைத்தது, விலையோடு. கோட்டைக்குள் கம்பெனிப் படை, அதன் செலவுக்கு ஆண்டுக்கு 4 லட்சம் பகோடா. 1781ல் ஹைதர் அலியின் படை டெல்டாவைத் துடைத்து எடுத்தது. தஞ்சாவூர்க் கோட்டையைத் தவிர மற்ற இடமெல்லாம் அவர் கையில். விளைச்சல் படுத்தது, படைச் செலவுக் கணக்கு மட்டும் படுக்கவில்லை. அதே வருடம் ஆங்கிலேயர்கள் டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தையும் பிடித்தார்கள். 1787ல் துளஜாஜி சாகும்போது சரபோஜி என்ற பையனைத் தத்து எடுத்திருந்தார். தத்து செல்லாது என்று பண்டிதர்கள் சொன்னதாகக் கம்பெனி முதலில் துளஜாஜியின் தம்பி அமர்சிங்கை உட்காரவைத்தது. பதினொரு வருடம் கழித்துச் செல்லும் என்று பண்டிதர்கள் சொன்னதாக அவரை இறக்கிவிட்டு சரபோஜியை உட்காரவைத்தது. அதற்கு அடுத்த வருடம், 1799 அக்டோபர் 25, நாட்டையே எழுதி வாங்கிக்கொண்டது. ராஜாவுக்குக் கோட்டை, ஆண்டுக்கு ஒரு லட்சம் பகோடா, நிகர வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கு. துப்பாக்கி வெடிக்கவே இல்லை.

சரபோஜியைப் பற்றி நமக்குத் தெரிந்தது சரஸ்வதி மகால், மருத்துவம், அச்சகம், ஓவியம். எல்லாம் உண்மை, எல்லாம் பெருமை. ஆனால் பேராவூரணிப் பக்கம் சரபேந்திரராஜன்பட்டினத்தில் மனோரா என்ற எட்டு அடுக்குக் கோபுரம் இருக்கிறது, பார்த்திருப்பீர்கள். நெப்போலியனை ஆங்கிலேயர் வென்றதற்காக 1814-15ல் அவர் எழுப்பியது. தன் நாட்டை வாங்கிக்கொண்டவர்களின் வெற்றிக்கு, தன் கடற்கரையில், தன் பென்ஷன் காசில். அதைப் பார்த்து அவரைத் திட்டுகிறவர்கள் உண்டு. எனக்குத் திட்டத் தோன்றவில்லை. ஷ்வார்ட்ஸ் பாதிரியார் வளர்த்த பையன், பட்டத்தையும் கம்பெனி தயவில் பெற்றவர், அவரால் வேறென்ன கட்டியிருக்க முடியும்?

1845ல் டேனிஷ்காரர்கள் தரங்கம்பாடியை வங்காளத்து செராம்பூரோடு சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயருக்கு விற்றார்கள். 225 வருடத்துக்கு முன்னால் வாடகைக்கு வாங்கிய ஊர். அப்போது தஞ்சாவூர் அரண்மனையில் சரபோஜியின் மகன் சிவாஜி ராஜாவாக இருந்தார். விற்பனையில் அவருக்கு ஒரு சொல்லும் கிடையாது.

அவர் 1855 அக்டோபரில் ஆண் வாரிசு இல்லாமல் இறந்தார். ராஜ்யம் முடிந்தது என்று கம்பெனி அறிவித்தது. அதோடு நிற்காமல் தஞ்சாவூரில் கம்பெனியின் பிரதிநிதியாக இருந்த ரெசிடென்ட் ஃபோர்ப்ஸ் அரண்மனைக்குள் போய் நகை, பாத்திரம், சொந்த நிலம் என்று ராஜாவின் தனிச்சொத்தையும் எடுத்துக்கொண்டு சீல் வைத்தார். மூத்த ராணி காமாட்சி பாய் சென்னை சுப்ரீம் கோர்ட்டில் வழக்குப் போட்டார். ராஜ்யம் போகட்டும், என் புருஷன் சொத்து எனக்கு என்பது வாதம். சென்னையில் ஜெயித்தார். கம்பெனி லண்டன் பிரிவி கவுன்சிலுக்கு அப்பீல் போனது.

1859ல் வந்த தீர்ப்பு இன்றும் சட்டக் கல்லூரிகளில் படிக்கப்படுகிறது. கம்பெனி செய்தது நியாயம் என்று நீதிபதிகள் சொல்லவில்லை. இந்த ராஜ்யத்தை எடுத்துக்கொள்ளக் கம்பெனிக்கு என்ன சட்ட உரிமை இருந்தது என்று கண்டுபிடிப்பது கஷ்டம் என்றே அவர்கள் பேசினார்கள். ஆனால் இது ஓர் அரசு இன்னோர் அரசின் மேல் அதிகார பலத்தில் செய்த காரியம், சரியோ தப்போ எந்த நீதிமன்றமும் இதை விசாரிக்க முடியாது என்று சொல்லி ராணியின் வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள். இரண்டரை நூற்றாண்டாகப் பத்திரத்தை நம்பிய அரண்மனைக்கு, கடைசி வழக்கில், பத்திரமே இங்கே செல்லாது என்று பதில் வந்தது. 1862ல் அரசு அந்தச் சொத்தைத் தன் தயவாக ராணிகளிடம் திருப்பிக் கொடுத்தது. அடுத்த பல பத்தாண்டுகளுக்கு வாரிசுகள் அதைப் பங்கு பிரிப்பதற்காகக் கோர்ட்டு ஏறினார்கள்.